‘சைலன்ட் நைட்’: மூல வடிவம் எது, பியானோவில் எப்படி அமைப்பது?

வெண்கட்டை எழுதியது:

அனைவருக்கும் வணக்கம். எங்கள் சபையில் இந்த ஆண்டு கிறிஸ்துமஸ் முன்னிரவு ஆராதனையில் ‘சைலன்ட் நைட்’ பாடலைப் பியானோவில் வாசிக்கும் பொறுப்பு எனக்குத் தரப்பட்டிருக்கிறது. முதலில் பியானோ மட்டும் ஒரு முறை, அதன்பின் சபையார் பாட நான் துணையாக வாசிக்க வேண்டும் என்பது ஏற்பாடு. ஐந்தாம் கிரேடு வரை தேர்வு எழுதியிருப்பதால் நோட்டுகளைப் பார்த்து வாசிப்பதில் சிரமமில்லை. எந்த வடிவத்தை வாசிப்பது என்பதில்தான் குழப்பம்.

கைக்குக் கிடைத்த அமைப்புகள் ஒன்றோடொன்று ஒத்துப்போகவில்லை. ஒன்று 3/4 தாளத்தில் மிக மெதுவாகச் செல்கிறது; இன்னொன்று 6/8 என்று போட்டு, தாலாட்டைப் போல அசைந்து செல்கிறது. ஒன்றில் இரண்டு கைகளிலும் கனத்த கார்டுகள் (சேர்ந்து ஒலிக்கும் சுரக்கூட்டங்கள்). மற்றொன்றில் இடது கை ஓயாமல் மேலும் கீழும் ஓடுகிறது. இவற்றுள் இயற்றியவர் நினைத்ததற்கு நெருக்கமானது எது? எலிகள் ஆர்கனின் துருத்தியைக் கடித்துவிட்டதால் கடைசி நேரத்தில் கிட்டாரை வைத்துப் பாடினார்கள் என்று ஆண்டுதோறும் சொல்லப்படும் கதை உண்மைதானா? மேலும், இசையமைப்பாளர் ஃபிரான்ஸ் லிஸ்டின் பெயரில், ‘லிஸ்ட் அமைத்த சைலன்ட் நைட்’ என்ற தலைப்புடன் இணையத்தில் ஓர் ஒலிப்பதிவு கிடைத்தது; கேட்டால் மெட்டே வேறாக இருக்கிறது. அதையும் யாரேனும் விளக்கினால் நன்றியுடையவனாக இருப்பேன்.

பழஞ்சுவடி எழுதியது:

வரலாற்றை முதலில் சொல்லிவிடுகிறேன். தாளம் பற்றிய தங்கள் கேள்விக்கான விடையில் பாதி அதற்குள்ளேயே இருக்கிறது.

பாட்டின் வரிகள் மெட்டுக்கு இரண்டு ஆண்டுகள் மூத்தவை. யோசஃப் மோர் என்ற இளம் குருவானவர் 1816-இல், ஸால்ஸ்பர்க் நாட்டின் மலைப்பகுதியில் உள்ள மரியாஃபார் என்ற ஊரில் உதவிக் குருவாக இருந்தபோது ஆறு சரணங்கள் கொண்ட கவிதையாக அதை எழுதினார். நெப்போலியன் போர்கள் ஓய்ந்து, பல நூற்றாண்டுகள் பேராயர்களின் தனி ஆட்சியில் இருந்த ஸால்ஸ்பர்க் கைமாறிக் கைமாறி ஆஸ்திரியாவின் பகுதியாகிப்போன ஆண்டு அது. உலகின் இனங்கள் அனைத்தையும் இயேசு சகோதரராய் அணைத்துக்கொண்டார் என்று நான்காம் சரணத்தில் மோர் எழுதியதை இந்தப் பின்னணியோடு படித்தால் அதன் கனம் வேறாகத் தெரியும். இன்று உலகெங்கும் பாடப்படுபவை பெரும்பாலும் முதலாம், ஆறாம், இரண்டாம் சரணங்கள் மட்டுமே என்பதால் அந்தச் சரணத்தைப் பலர் கேட்டதே இல்லை.

அடுத்த ஆண்டு மோர், ஸால்ஸாக் ஆற்றங்கரையில் உள்ள ஓபர்ன்டார்ஃபுக்கு வந்து சேர்ந்தார். உப்புப் படகுகளை ஓட்டியவர்களும் அவர்களை நம்பிப் பிழைத்தவர்களும் வாழ்ந்த ஊர் அது. புதிய எல்லைக்கோடு அந்த ஆற்றின் வழியாகவே சென்றதால், எதிர்க்கரையில் இருந்த தாய்நகரான லாவ்ஃபன் பவேரியாவுக்குப் போய்விட, ஓபர்ன்டார்ஃப் தனித்து நின்றது. பக்கத்து ஊரான ஆர்ன்ஸ்டார்ஃபில் பள்ளி ஆசிரியராக இருந்த ஃபிரான்ஸ் ஸேவர் குரூபர், ஓபர்ன்டார்ஃப் தூய நிக்கலாஸ் கோவிலில் ஆர்கனும் வாசித்துவந்தார். 1818 டிசம்பர் 24 அன்று மோர் தம் கவிதையை அவரிடம் கொடுத்து, இரண்டு தனிக்குரல்களுக்கும் பாடகர் குழுவுக்கும் கிட்டார் துணையோடு மெட்டமைத்துத் தருமாறு கேட்டார். குரூபர் அன்று மாலையே மெட்டைக் கொண்டுவந்து தந்தார், அன்றிரவே பாடினார்கள். மோர் டெனார் குரலில் பாடிக்கொண்டே கிட்டாரை வாசிக்க, குரூபர் பேஸ் குரலில் பாடினார்.

இந்தத் தகவல்களில் பெரும்பகுதி குரூபரே தம் கைப்பட எழுதிய அறிக்கையிலிருந்து கிடைப்பது. அதை அவர் எழுத நேர்ந்த காரணம் சுவையானது. 1854-இல் பெர்லின் அரசவை இசைக்குழு, இந்தப் பாட்டு மிகாயேல் ஹைடனுடையதா என்று ஸால்ஸ்பர்க்கின் தூய பேதுரு மடத்துக்கு எழுதிக் கேட்டது. செய்தி குரூபரின் காதுக்கு எட்டவே, அவர் அந்த டிசம்பர் 30-ஆம் நாளிட்டு, பாட்டு எப்படிப் பிறந்தது என்பதை விளக்கி எழுதி அனுப்பினார். மோர் அப்போது உயிரோடு இல்லை. 1848-இல் வாக்ரைன் என்ற மலையூரில் ஏழையாகவே காலமாகியிருந்தார்.

அந்த அறிக்கையில் எலிகள் இல்லை, துருத்தி இல்லை, ஆர்கன் பழுதுபட்டது என்ற ஒரு சொல்கூட இல்லை. ஓபர்ன்டார்ஃப் ஆர்கன் நல்ல நிலையில் இருக்கவில்லை என்பது உண்மையாக இருக்கலாம். சில ஆண்டுகளில் அதற்குப் பதிலாகப் புதியது வைக்கப்பட்டது. ஆனால் எலிகளை உள்ளே அழைத்துவந்தவர்கள் பிற்காலக் கதாசிரியர்கள். கிட்டாருக்கென்றே மெட்டமைக்கும்படி மோர் கேட்டார் என்று குரூபர் எழுதியிருக்கும்போது, ஏதோ ஒரு விபத்தைச் சமாளிக்கக் கிட்டார் வந்தது என்று சொல்வது பாட்டின் இயல்பையே மறைத்துவிடுகிறது. மோர் கிட்டார் வாசித்துப் பாடுவதை விரும்பியவர். அவருடைய கிட்டார் இன்றும் ஹல்லைன் ஊரில், குரூபர் கடைசிவரை வாழ்ந்த வீட்டில் அமைந்துள்ள அருங்காட்சியகத்தில் இருக்கிறது.

மூல வடிவம் எது என்ற கேள்விக்கு வருகிறேன். 1818-இல் எழுதிய தாள் கிடைக்கவில்லை. மோரின் கையெழுத்தில் உள்ள ஒரே பிரதி 1995-இல்தான் வெளிவந்தது. ஏறத்தாழ 1820-இல் எழுதப்பட்டது என்று ஆய்வாளர்கள் கணித்துள்ள அது இப்போது ஸால்ஸ்பர்க் அருங்காட்சியகத்தின் சேகரிப்பில் உள்ளது. வரிகள் 1816-ஐச் சேர்ந்தவை என்பதும் மெட்டு குரூபருடையது என்பதும் அதிலேயே குறிக்கப்பட்டுள்ளன. சுருதி டி மேஜர், தாளம் 6/8, துணைக்கருவி கிட்டார். ஆகவே 3/4 என்று அச்சிடப்பட்டவை பிற்காலத்தவை என்று தாங்கள் துணிந்து கொள்ளலாம்.

பியானோ எப்போது உள்ளே வந்தது என்பதையும் சொல்லிவிடுகிறேன், ஏனென்றால் அது பலரும் நினைப்பதைவிட மிக முன்னதாகவே வந்துவிட்டது. டிரோல் பகுதியின் ஸில்லர்டால் பள்ளத்தாக்கில் ஃபூகன் ஊரைச் சேர்ந்த கார்ல் மௌராஹர் என்ற ஆர்கன் கைவினைஞர் ஓபர்ன்டார்ஃபில் வேலை பார்த்தவர். அவர் வழியாகப் பாட்டு அந்தப் பள்ளத்தாக்குக்குச் சென்றது என்பார்கள். அங்கிருந்து கையுறை விற்கச் சந்தைகளுக்குப் போய்வந்த ஸ்ட்ராஸர் குடும்பத்தார் 1830-களின் தொடக்கத்தில் லைப்ஸிக் நகரில் அதைப் பாடினார்கள். அவர்கள் பாடிய நான்கு பாடல்களை, ‘உண்மையான டிரோல் பாடல்கள்’ என்ற தலைப்பில் டிரெஸ்டனைச் சேர்ந்த ஃப்ரீஸ பதிப்பகம் வெளியிட்டது. சோப்ரானோ தனிக்குரலுக்கோ நான்கு குரல்களுக்கோ ஆன அந்தப் பதிப்பின் முகப்பிலேயே, விரும்பினால் பியானோ துணையும் சேர்த்துக்கொள்ளலாம் என்று அச்சிடப்பட்டிருந்தது. மோர் பெயரும் இல்லை, குரூபர் பெயரும் இல்லை. மலைமக்களின் நாட்டுப்பாடல் என்றே அது விற்கப்பட்டது. லைப்ஸிக்கில் வெளிவந்த தொகுப்பில் தம் மெட்டு ஓரளவு மாற்றப்பட்டிருக்கிறது என்று குரூபர் 1854 அறிக்கையில் குறைபட்டுக்கொண்டதும் உண்டு. நாம் இன்று பாடுவது அந்த மாற்றங்களோடு ஊர்சுற்றிய வடிவத்தைத்தான். 1839-இல் அமெரிக்கா சென்ற ரைனர் குடும்பப் பாடகர்களும் அதையே எடுத்துச் சென்றார்கள். 1859-இல் ஜான் ஃப்ரீமன் யங் ஆங்கிலத்தில் தந்த மூன்று சரணங்களும் அதன்மேல் ஏறி அமர்ந்தவையே.

மூன்றாம்விரல் எழுதியது:

பழஞ்சுவடி ஐயா வரலாற்றைச் சொல்லிவிட்டதால் நான் கட்டைகளுக்கு வருகிறேன். பல ஆண்டுகளாகப் பியானோ கற்பித்துவருகிறேன். டிசம்பர் வந்தால் என் மாணவர்கள் கொண்டுவரும் முதல் தாள் இதுவாகத்தான் இருக்கும். அவற்றில் பெரும்பாலானவை எனக்குப் பிடிப்பதில்லை என்பதையும் மறைக்கப்போவதில்லை.

இந்த மெட்டை அமைக்க உட்காரும் எவரும் முதலில் கேட்டுக்கொள்ள வேண்டியது, இது எந்தக் கருவிக்காகப் பிறந்தது என்பதே. டி மேஜரில் இந்தப் பாட்டுக்குத் தேவையான மூன்று கார்டுகள் டி, ஏ, ஜி. கிட்டாரில் இந்த மூன்று சுரங்களுக்கும் திறந்த தந்திகள் இருக்கின்றன. ஆகவே பேஸ் சுரம் தானாக நின்று முழங்க, மற்ற விரல்கள் மேல் தந்திகளில் ஒவ்வொன்றாக மீட்டிச் செல்லும். அதாவது, ஒரு பாருக்கு (தாளத்தின் ஒரு சுற்றுக்கு) ஆறு குவேவர் (எட்டில் ஒரு பங்கு நீளச் சுரம்); முதலாவது கனமாகவும் மற்றவை மிக மெல்லியனவாகவும். இந்த அசைவுதான் பாட்டின் உயிர். பியானோவில் அதை எடுத்துவிட்டு இரண்டு கைகளிலும் நான்கு குரல் கார்டுகளைப் பதித்தால், அது ஆர்கன் பாட்டாகிவிடுகிறது. அதுவும் மூச்சுவிடத் தெரியாத ஆர்கன்.

6/8 தாளத்தில் புள்ளி வைத்த (ஒன்றரை மடங்கு நீண்ட) குவேவரும் செமிகுவேவரும் (அரைக் குவேவர்) சேர்ந்து ஆடும் நடைக்கு ஐரோப்பியர்கள் சிசிலியானா என்று பெயர் வைத்திருக்கிறார்கள். கிறிஸ்து பிறப்பையும் மேய்ப்பர்களையும் பற்றிய இசைக்கு அது நெடுங்காலமாகவே உரியது. கோரெல்லியின் கிறிஸ்துமஸ் கொன்செர்த்தோவில் கடைசியாக வரும் பாஸ்டொராலே, ஹாண்டலின் ‘மெசையா’வில் வரும் ‘பீஃபா’, பாஹின் கிறிஸ்துமஸ் ஆரட்டோரியோ இரண்டாம் பகுதியின் தொடக்க சின்ஃபோனியா ஆகிய மூன்றும் 12/8-இல் இதே ஆட்டத்தில் நடப்பவை. கிறிஸ்துமஸ் காலத்தில் மலையிலிருந்து ரோமுக்கு இறங்கிவந்து பைக்குழல் ஊதிய இத்தாலிய மேய்ப்பர்களின் இசையை அவை நினைவூட்டுகின்றன. அந்தக் குழலில் கீழ்ச்சுரம் ஒன்று இடைவிடாமல் ஒலித்துக்கொண்டே இருக்கும். நம்மவர்களுக்குச் சுருதிப்பெட்டியைச் சொன்னால் உடனே புரியும். குரூபர் எழுதியது இந்த மரபில் வரும் பாட்டு. அதை 3/4-ஆக நீட்டி, ஒவ்வொரு அடிக்கும் சம அழுத்தம் கொடுத்து வாசிப்பவர் அந்த மரபின் வேரை அறுத்துவிடுகிறார்.

இனி செய்முறை. டி மேஜரில் வலது கையை டி, எஃப் ஷார்ப், ஜி, ஏ, பி ஆகிய ஐந்து கட்டைகளின் மேல் முறையே ஒன்று முதல் ஐந்து விரல்களாக வையுங்கள். முதல் இரண்டு பார்களின் மெட்டு ஸோ, லா, ஸோ, மி (டோ, ரே, மி, ஃபா, ஸோ, லா, டீ என்பவை நம் ஸ, ரி, க, ம, ப, த, நி போன்றவை). அதற்கு மூன்றாம் இடைவெளியில் கீழே வரும் இரண்டாம் குரல் மி, ஃபா, மி, டோ. அதாவது 2-4, 3-5, 2-4, 1-2 என்று விரல்களை அழுத்தினால் போதும்; கை அசையவே வேண்டாம். டெனாரும் பேஸும் சேர்ந்து பாடிய அந்த இரட்டைக் குரல் பியானோவில் ஒரே கைக்குள் கிடைத்துவிடுகிறது. மூன்றாம் பாரில் மெட்டு மேலே தாவி ரே, ரே, டீ என்று வரும்போது இரண்டாம் குரலை ஆறாம் இடைவெளிக்கு மாற்றிக்கொள்ளுங்கள்: ஃபா, ஃபா, ரே. நான்காம் பாரில் டோ, டோ, ஸோ என்பதற்கு மி-யைப் பிடித்துக்கொண்டே நின்றால் போதும். ஐந்தாம் பாரில் லா, லா, டோ, டீ, லா என்று வரும்போது மறுபடியும் மூன்றாம் இடைவெளிக்குத் திரும்பிவிடலாம். ஆல்ப்ஸ் மலைப்பாடகர்கள் இருவர் சேர்ந்தால் இயல்பாக விழும் இடைவெளிகள் இவையே.

இடது கையில் கீழ் டி, அதற்கு மேல் ஏ, அதற்கு மேல் டி, எஃப் ஷார்ப், பிறகு இறங்கி டி, ஏ. இந்த ஆறு குவேவரையும் முதல் இரண்டு பார்களுக்கு மாற்றாமல் வாசியுங்கள். கார்டு மாறுவது மூன்றாம் பாரில்தான். அங்கே ஏ செவன்த் (ஏ கார்டோடு அதன் ஏழாம் சுரமும் சேர்ந்தது). நான்காவதில் மீண்டும் டி. ஐந்தாவதில் ஜி, ஆறாவதில் டி, ஏழும் எட்டும் அதே இணையின் மறுபதிப்பு. ஒன்பதாவதில் ஏ செவன்த், பத்தில் டி, பதினொன்றில் முதல் பாதி டி, மறுபாதி ஏ செவன்த், பன்னிரண்டில் டி. மொத்தப் பாட்டும் இவ்வளவுதான். மூன்று கார்டுகளுக்குள் அடங்கிய பாட்டு என்பதால் ‘எளிமை, நாம் கொஞ்சம் அலங்கரிப்போம்’ என்று ஒவ்வொரு அடிக்கும் புதுக் கார்டு செருகுகிறவர்களைப் பார்த்திருக்கிறேன். ஐந்தாம் பார்வரை கார்டு மெல்ல மாறிக்கொண்டிருப்பதால்தான் ஜி கார்டு வரும்போது முகத்தில் வெளிச்சம் பட்டதுபோல் இருக்கிறது. அதற்கு முன்பே எல்லாக் கார்டுகளையும் செலவழித்துவிட்டால் அந்த இடத்தில் கொடுக்க ஒன்றும் மிஞ்சாது.

பெடலைப் பாருக்கு இரண்டு முறை மாற்றுங்கள். செமிகுவேவராக வரும் லா, டி கார்டின் ஓசையோடு குழம்பிப்போகாமல் இருக்க இது அவசியம். வேகத்தைப் பொறுத்தவரை, மெட்ரோனோமில் (தாளமானியில்) புள்ளி வைத்த குரோச்சட்டுக்கு (மூன்று குவேவர் நீளம்) 44 முதல் 50 வரை வைத்து, பாருக்கு இரண்டு அடி என்று எண்ணிப் பாருங்கள். ஆறு அடி என்று எண்ணத் தொடங்கிய நொடியிலிருந்து அது இழுபடத் தொடங்கும்.

பாடகர்குழுக்காரன் எழுதியது:

மூன்றாம்விரல் அம்மையார் சொன்ன இசை நுணுக்கங்களில் எனக்குக் கருத்து வேறுபாடு இல்லை. ஆனால் தனியாக வாசிப்பதும் சபையார் பாடத் துணை வாசிப்பதும் ஒன்றல்ல. முதிய குரல்களும் சிறுவர் குரல்களும் சேர்ந்த ஒரு கூட்டம், அரங்கின் கடைசி வரிசைவரை பரவியிருக்கும்போது, பாருக்கு இரண்டு அடி என்ற வேகத்தில் ஓடினால் நான்காம் பாருக்குள் பின்வரிசை அரை பார் பின்தங்கிவிடும். மெதுவாகப் பாடுவது மரபின் வேரை அறுப்பது என்பதை என்னால் ஏற்க முடியவில்லை. ஏறத்தாழ 200 ஆண்டுகளாகச் சபைகள் அதை மெதுவாகப் பாடிப் பாடியே தமதாக்கிக்கொண்டன. அதுவும் பாட்டின் வரலாற்றில் சேர்ந்ததுதானே?

இன்னொன்று, சுருதி. மெட்டின் எல்லை பெரியது. மிகத் தாழ்ந்த சுரம் கடைசியில் வரும் டோ. மிக உயர்ந்தது ஒன்பதாம் பாரில் வரும் மேல் ஃபா. ஓர் எண்சுரமும் அதற்கு மேல் நான்காம் இடைவெளியும். டி மேஜரில் அந்த ஃபா, மேல் ஜி-யில் போய் நிற்கிறது. மோரின் டெனார் குரலுக்கு அது பொருந்தியிருக்கலாம். நம் சபையில் பாதிப் பேர் அங்கே வாயைத் திறந்து வைத்துக்கொண்டு சத்தமில்லாமல் நிற்பார்கள். பி ஃபிளாட் மேஜருக்கு இறக்கினால் உச்சம் ஈ ஃபிளாட்டாகிவிடும். அடியில் பி ஃபிளாட் வரை இறங்க வேண்டியிருந்தாலும், தாழ்ந்த சுரத்தைத் தவறவிட்டால் யாருக்கும் தெரிவதில்லை. பல பாட்டுப் புத்தகங்கள் பி ஃபிளாட்டில் அச்சிட்டிருப்பதற்குக் காரணம் இதுவே.

தமிழில் பாடுவதாக இருந்தால் ஒரு செய்தி. ‘ஒப்பில்லா திரு இரா’ என்று நாம் பாடும்போது முதல் பாரில் ‘ஒப்-பில்-லா’ என மூன்று அசைகள் வருவதால் ஸோவும் லாவும் ‘ஒப்’ என்ற ஒரே அசைக்குள் சேர்ந்துவிடுகின்றன. இரண்டாம் பாரில் ‘தி-ரு-இ-ரா’ என நான்கு அசைகள்; நான்கு சுரங்களுக்கும் ஒவ்வோர் அசை கிடைக்கிறது. மோரின் ஜெர்மன் வரியும் அப்படியே முதல் பாரில் மூன்றும் இரண்டாம் பாரில் நான்குமாக நடப்பது. ஆங்கிலத்தில் இரண்டு பார்களிலும் மூன்றுதான். ஆகவே பியானோ வாசிப்பவர் இரண்டாம் பாரின் செமிகுவேவரைத் தெளிவாக, மழுப்பாமல் வாசித்தால் சபையார் ‘ரு’ என்ற அசையை இடம் தவறாமல் வைப்பார்கள்.

மூன்றாம்விரல் எழுதியது:

பாடகர்குழுக்காரர் சொன்ன சுருதி பற்றிய கருத்தை முழுமையாக ஏற்கிறேன். சபைக்கு பி ஃபிளாட்தான் உகந்தது. வேகத்தில் மட்டும் சற்று மல்லுக்கு நிற்க அனுமதியுங்கள். பின்வரிசை பின்தங்குவதற்குப் பெரும்பாலும் காரணம் வேகமல்ல, பியானோவில் அடி தெளிவாகக் கேட்காமல் போவதே. கார்டை அழுத்திவிட்டு அடுத்த அடிவரை மௌனமாக இருக்கும் பியானோவைப் பின்பற்றுவது கடினம். இடது கையில் குவேவர்கள் ஓடிக்கொண்டே இருந்தால் அடுத்த அடி எங்கே விழும் என்பது கடைசி வரிசைக்கும் தெரியும். வேண்டுமானால் 40-க்கு இறக்கிக்கொள்ளுங்கள், அந்த ஓட்டத்தை மட்டும் நிறுத்திவிடாதீர்கள்.

பழஞ்சுவடி எழுதியது:

லிஸ்ட் பற்றிய கேள்வி விடுபட்டுப் போயிற்று. ஃபிரான்ஸ் லிஸ்ட் 1870-களில் ‘கிறிஸ்துமஸ் மரம்’ என்ற தலைப்பில் பன்னிரண்டு பியானோத் துண்டுகள் கொண்ட ஒரு தொகுப்பைத் தம் பேத்தி டானியேலாவுக்காக எழுதினார். அதில் இரண்டாவது துண்டின் தலைப்பு ‘ஓ புனித இரவே’ என்று பொருள்படுவது. தலைப்பைப் பார்த்து யாரோ அதைச் ‘சைலன்ட் நைட்’ என்று முத்திரை குத்திப் பதிவேற்றியிருக்க வேண்டும். அது வேறொரு பழைய கிறிஸ்துமஸ் மெட்டு. நான்காவது துண்டில் ‘அதேஸ்தே ஃபிதேலெஸ்’ பாட்டும், மூன்றாவதில் ‘இன் துல்சி யுபிலோ’வும் நமக்குத் தெரிந்த மெட்டுகளாகவே வருகின்றன, குரூபரின் பாட்டுக்கு அந்தத் தொகுப்பில் இடமில்லை.

குரூபரின் மெட்டை உண்மையிலேயே பியானோவுக்கு எடுத்துக்கொண்ட பெரிய இசையமைப்பாளர் வேண்டுமென்றால் மாக்ஸ் ரேகரைப் பாருங்கள். இளையோருக்காக அவர் எழுதிய ஓபஸ் 17 (படைப்பு எண் 17) தொகுப்பில் ‘கிறிஸ்துமஸ் கனவு’ என்ற துண்டு, இந்தப் பாட்டின் மேல் கட்டப்பட்ட சிறு ஃபேன்டஸி. ரேகர் என்றதும் பயந்துவிட வேண்டாம். இளையோருக்கான தொகுப்பு என்பதால் அவருடைய ஆர்கன் படைப்புகளின் நெரிசல் இதில் இல்லை. 1915-இல் ஆர்கனுக்காக எழுதிய ‘கிறிஸ்துமஸ்’ என்ற படைப்பிலும் அவர் இந்த மெட்டுக்கே திரும்பிவந்தார். அந்த ஆண்டு ஐரோப்பா போரில் மூழ்கியிருந்தது என்பதை நினைவில் வைத்துக் கேட்டால் அது வேறுவிதமாக ஒலிக்கும்.

அதற்கு நேரெதிர் முனையில் ஆல்ஃபிரட் ஷ்னிட்கே 1978-இல் வயலினுக்கும் பியானோவுக்கும் அமைத்தது இருக்கிறது. வயலின் கலைஞர் கிடோன் கிரேமருக்காக எழுதப்பட்டது. மெட்டு கிட்டத்தட்ட அப்படியே இருக்க, அதனோடு ஒட்டாத சுரங்கள் கூடவே நடந்து வந்து காதை உறுத்தும். தேவாலயத்தில் வாசிக்கத் தகாது. ஆனால் இந்த மூன்று கார்டுகளுக்குள் எவ்வளவு பாதுகாப்பாக நாம் உட்கார்ந்திருக்கிறோம் என்பதை அதைக் கேட்ட பிறகுதான் நான் உணர்ந்தேன்.

வெண்கட்டை எழுதியது:

மூவருக்கும் மனமார்ந்த நன்றி. டி மேஜரில் ஐந்து விரல்களை வைத்து முதல் இரண்டு பார்களை வாசித்துப் பார்த்தேன். இத்தனை நாள் கார்டுகளாகவே கேட்டுப் பழகிய காதுக்கு, இரண்டு பேர் பாடுவதுபோல் கேட்டது பெரிய வியப்பு. எனினும் ஒரு சிக்கல். தனி வாசிப்பை டி மேஜரிலும் சபையார் பாடுவதை பி ஃபிளாட்டிலும் வைத்துக்கொள்ளலாமா? அப்படியானால் ஒன்றிலிருந்து மற்றொன்றுக்கு எப்படி இறங்குவது? இரண்டாம் கேள்வி: சபையார் மூன்று சரணங்கள் பாடுவார்கள், மூன்றையும் ஒரே மாதிரி வாசித்தால் சலிப்புத் தட்டாதா?

மூன்றாம்விரல் எழுதியது:

டி-யிலிருந்து பி ஃபிளாட்டுக்கு இறங்குவது எளிது. இரண்டு சுருதிகளுக்கும் பொதுவான கட்டை டி. டி மேஜரில் அது டோ, பி ஃபிளாட்டில் அதுவே மி. தனி வாசிப்பின் கடைசிப் பாரில் டி கார்டை நிறுத்தி, வலது கையின் டி கட்டையை மட்டும் விடாமல் பிடித்துக்கொண்டு, இடது கையில் எஃப்-ஐயும் பிறகு பி ஃபிளாட்டையும் வாசித்தால் காது தானாகப் புதிய இடத்துக்கு நகர்ந்துவிடும். அங்கே இரண்டு பார்கள் இடது கையின் ஆறு குவேவர் அசைவை மட்டும், மெட்டில்லாமல் வாசியுங்கள். சபையார் சுருதியையும் வேகத்தையும் அதிலேயே பிடித்துக்கொள்வார்கள். கடைசி வரியை முழுவதுமாக முன்னிசையாக வாசிக்க வேண்டிய தேவையில்லை.

ஆனால் ஒன்றைக் கவனியுங்கள்: பி ஃபிளாட்டில் அந்த ஐந்து விரல் வசதி முன்போல் இருக்காது, ஈ ஃபிளாட் என்ற கருப்புக் கட்டை மூன்றாம் விரலுக்கு வரும். டி-யில் பழகிய கை ஒரு கணம் தடுமாறும் என்பதால் பி ஃபிளாட் வடிவத்தைத் தனியாகவே பழகுங்கள். அசைவு ஓசை மிகக் கீழே போய்க் குழம்பிவிடாமல், இடது கையைக் கீழ் பி ஃபிளாட்டில் தொடங்கி அடுத்த எஃப், அதற்கு மேல் பி ஃபிளாட், டி என்று சற்று விரித்து வையுங்கள். மலிவான டிஜிட்டல் பியானோவாக இருந்தால் இது இன்னும் முக்கியம். அவற்றின் கீழ்க்கட்டைகள் ஒலிபெருக்கி வழியாக வெறும் உறுமலாகவே வெளிவரும்.

மூன்று சரணங்களுக்கு: முதலாவதில் நான் சொன்ன இரட்டைக் குரலும் அசைவும். இரண்டாவதில் மெட்டை வாசிப்பதையே விட்டுவிடுங்கள். சபையார் பாடுகிறார்கள் அல்லவா, அவர்களுக்கு மெட்டு தெரியும். இடது கை அசைவையும் வலது கையில் இரண்டாம் குரலையும் மட்டும் வாசித்தால் போதும். துணை வாசிப்பவர்கள் பலருக்கும் இந்தத் துணிவு வருவதில்லை, மெட்டை விட்டால் கூட்டம் சரிந்துவிடும் என்று அஞ்சுகிறார்கள். இந்தப் பாட்டில் அந்த அச்சத்துக்கு இடமே இல்லை. மூன்றாவதில் பைக்குழல் மரபை எடுத்துக்கொண்டு, முதல் இரண்டு பார்களில் இடது கையில் பி ஃபிளாட், எஃப் இரண்டையும் சேர்த்து நீண்ட சுரமாகப் பிடித்துக்கொள்ளுங்கள். அசைவு வலது கைக்குப் போகட்டும்.

பாடகர்குழுக்காரன் எழுதியது:

மெட்டில்லாமல் வாசிக்கும் யோசனைக்கு ஒரு சிறு திருத்தம் மட்டும். ஒன்பதாம் பாரில், அந்த மேல் ஃபா வரும் இடத்தில், மெட்டையும் சேர்த்து வாசித்துவிடுங்கள். கூட்டம் சுருதி இறங்கினால் அங்கேதான் இறங்கும். குரூபரின் அறிக்கையில் பாடகர் குழுவும் இருந்தது என்று பழஞ்சுவடி ஐயா குறிப்பிட்டார் அல்லவா. ஒவ்வொரு சரணத்தின் கடைசி வரிகளையும் அன்று குழுவினர் திரும்பப் பாடினார்கள் என்பார்கள். தங்கள் சபையில் நான்கு குரல் குழு இருந்தால் அதையே செய்துபாருங்கள்: சரணத்தை இருவர் மட்டும் பாட, கடைசி வரிகளைக் குழுவும் சபையும் சேர்ந்து மறுமுறை பாடட்டும். அப்போது பியானோவில் வலது கைக்கு வேலை மிகக் குறைவு. இடது கை மட்டும் நிற்காமல் இருந்தால் போதும்.